பயற்றங்கொடியில் ஒரு பொறிவண்டு: இயற்கை எதிரிகளைக் கொண்டு பீடைகளைக் கட்டுப்படுத்தல்

பயற்றங்கொடியின் இளந்தண்டில் கறுப்பு மணல் தூவியதுபோல அழுக்கணவன் என்ற சாறுறிஞ்சும் சிறு பூச்சி படிந்திருப்பதை யாழ்ப்பாணத்து வளவுகளில் காணாதவர் அரிது. அந்தத் தண்டை ஐந்து நிமிடம் பொறுமையாகப் பார்த்துக்கொண்டிருந்தால் வேறு சிலவும் கண்ணில் படும். செம்மஞ்சள் முதுகில் நெளிந்த கறுப்புக் கோடுகள் கொண்ட, மிளகளவான வண்டொன்று கூட்டத்தின் நடுவே நகர்ந்துகொண்டிருக்கும். அதற்கு அருகே, முதலையைச் சிறிதாக்கி வைத்ததுபோன்ற, வெளிர்ப்புள்ளிகளும் ஆறு கால்களும் உடைய கருநிறப் புழுவொன்று அழுக்கணவன்களை ஒவ்வொன்றாகப் பிடித்துத் தின்றுகொண்டிருக்கும். வண்டைப் பார்ப்பவர்கள் பெரும்பாலும் அதை விட்டுவிடுகிறார்கள். புழுவைப் பார்ப்பவர்களோ கொடியைத் தின்பது இதுதான் என்று எண்ணி நசுக்கிவிடுகிறார்கள். நானும் பல காலம் அப்படித்தான் செய்துவந்தேன். அந்தப் புழு அதே பொறிவண்டின் குடம்பி, அதாவது இளம்பருவம், என்பதையும், வளர்ந்து கூட்டுப்புழுவாகும் முன்னர் அது நூற்றுக்கணக்கான அழுக்கணவன்களைத் தின்று தீர்க்கும் என்பதையும் பின்னர்தான் அறிந்தேன். எங்கள் தோட்டங்களில் நமக்காக வேலை செய்யும் உயிர்களை நாமே அடையாளம் தெரியாமல் கொன்றுவருகிறோம் என்ற கவலையே இக்கட்டுரையை எழுதத் தூண்டியது.

ஓர் உயிரினத்தை உண்டோ, அதன் உடலில் வாழ்ந்தோ, அதற்கு நோயை உண்டாக்கியோ அதன் பெருக்கத்தைக் குறைக்கும் இன்னோர் உயிரினத்தை அதன் இயற்கை எதிரி என்கிறோம். பயிரைத் தாக்கும் பீடைகளின் இயற்கை எதிரிகளைப் பேணியும், பெருக்கியும், தேவைப்படுமிடத்து வேறு நாட்டிலிருந்து கொண்டுவந்து விட்டும், அந்தப் பீடைகளைப் பயிருக்குப் பெருஞ்சேதம் விளைவிக்காத அளவுக்குள் வைத்திருப்பது உயிரியல் கட்டுப்பாடு எனப்படும். இந்த வரைவிலக்கணத்தில் ‘அளவுக்குள்’ என்ற சொல்லே மிகவும் முக்கியமானது. பீடை முற்றாக ஒழிந்துவிட்டால் அதை உண்டு வாழும் எதிரிக்கு உணவில்லாமற் போகும், எதிரியும் தோட்டத்தை விட்டு அகன்றுவிடும், அடுத்த முறை பீடை வரும்போது அதைத் தடுக்க எவரும் இருக்கமாட்டார்கள். ஆகையால் கொடியில் பத்து அழுக்கணவன் இருப்பதைப் பொறுத்துக்கொள்வது இம்முறையின் ஒரு பகுதியாகும்.

இயற்கை எதிரிகள் எவ்வளவு வேலை செய்கின்றன என்பதைச் சிறு கணக்கொன்றால் விளங்கிக்கொள்ளலாம். பெண் அழுக்கணவன் ஆணோடு சேராமலே உயிருள்ள குஞ்சுகளை ஈனக்கூடியது. எங்கள் வெப்பநிலையில் அந்தக் குஞ்சு வளர்ந்து தானும் ஈனத் தொடங்குவதற்கு ஏறத்தாழ ஒரு வாரம் போதும். ஒரு பேச்சுக்கு ஒவ்வொன்றும் 50 குஞ்சுகளை ஈனுவதாகவும், எல்லாம் உயிர் பிழைப்பதாகவும் வைத்துக்கொண்டால், ஒன்றிலிருந்து 50, ஐம்பதிலிருந்து 2,500, அதிலிருந்து 125,000 என்று மூன்றாவது தலைமுறையிலேயே அந்தக் கொடி தாங்கமுடியாத தொகை வந்துவிடும். உண்மையில் மருந்தே அடிக்காத பல கொடிகளிலும் அவ்வளவு தொகையை நாம் காண்பதில்லை. மழையும் காற்றும் ஒரு பகுதியை அழிக்கின்றன. மீதியில் பெரும்பங்கு எதிரிகளின் வயிற்றுக்குள் போயிருக்கிறது.

இரைகௌவிகள்

இந்த எதிரிகளுள் முதலாவது வகையினர் இரைகௌவிகள். இவை இரையைப் பிடித்து, கொன்று, உண்பவை. தம் வாழ்நாளில் பல இரைகளை உண்பவை. பொறிவண்டு, சிலந்தி, தும்பி, கும்பிடுபூச்சி ஆகியவற்றை எல்லோரும் அறிவோம். கண்ணாடிபோன்ற பச்சைச் சிறகுகளுடன் இரவில் விளக்கைத் தேடிவரும் மெல்லிய பூச்சியொன்று உண்டு. அதன் முட்டைகள் இலையின் அடிப்புறத்தில் தலைமயிர்போன்ற நுண்ணிய காம்புகளின் நுனியில் நின்றுகொண்டிருக்கும். ஒரு முறை கண்டவர் அதை மறக்கமாட்டார். அதன் குடம்பி அரிவாள்போன்ற இரு தாடைகளால் அழுக்கணவனையும், செடியில் பஞ்சுபோல வெளுத்துப் படியும் வெண்மூட்டுப்பூச்சியையும் குத்தி உறிஞ்சும். பூக்களின் மேல் அந்தரத்தில் அசையாமல் நின்று பறக்கும், தேனீயைப்போலத் தோன்றும் ஒரு வகை ஈயின் குடம்பியும் அழுக்கணவனைத் தின்பதே. அதற்குக் கால்கள் இல்லாததால் அதுவும் புழு என்று நசுக்கப்படுகிறது.

பறவைகளையும் இங்கே சேர்க்க வேண்டும். வேலியோரம் கூட்டமாகக் கிளறித் திரியும் புலுனி, மின்கம்பியிலிருந்து பாய்ந்து பூச்சி பிடிக்கும் இரட்டைவாற்குருவி, பிற பறவைகள் ஒதுக்கும் மயிர்க்கொட்டியையும் விழுங்கும் குயிலினங்கள், நத்தையையும் புழுவையும் தேடித் தின்னும் செண்பகம் ஆகியன சம்பளமில்லாத காவலர்கள். நெல் வயலில் இடையிடையே தடிகளை நட்டுவிட்டால் இரட்டைவாற்குருவி வந்து அவற்றில் அமர்ந்துகொள்ளும் என்பது பழைய கமக்காரர்கள் அறிந்த செய்தி.

பொறிவண்டைப் பற்றி ஓர் எச்சரிக்கை சொல்லவேண்டும். கத்தரியிலும் பாகலிலும் இலைப்பச்சையைச் சுரண்டித் தின்னும் எபிலக்னா வண்டும் பொறிவண்டுக் குடும்பத்தைச் சேர்ந்ததே. ஆனால் அது பீடை. பூச்சியுண்ணும் பொறிவண்டின் முதுகு எண்ணெய் பூசியதுபோலப் பளபளக்கும். எபிலக்னாவின் முதுகு நுண்மயிர்களால் மங்கலாக, பல கறுப்புப் புள்ளிகளோடு இருக்கும். அதன் குடம்பி மஞ்சள் நிறமாக, உடல் முழுவதும் கிளைத்த முட்களுடன் காணப்படும். நிறத்தைப் பார்த்து முடிவு செய்வதைக் காட்டிலும், அந்தப் பூச்சி என்ன செய்துகொண்டிருக்கிறது என்பதைச் சற்று நேரம் பார்ப்பது நம்பகமான வழியாகும்.

உள்ளிருந்து கொல்லும் குளவிகள்

இரண்டாவது வகையினரைப் பற்றி நம்மிடையே அறிந்தவர் மிகக் குறைவு, ஆனால் உயிரியல் கட்டுப்பாட்டின் மிகப் பெரிய வெற்றிகள் பலவற்றை ஈட்டித் தந்தவை இவையே. இவற்றுள் பெரும்பாலானவை குளவி இனத்தவை, சில ஈ இனத்தவை. குளவி என்றதும் கூரையில் மண்கூடு கட்டும் பெரிய குளவியையோ கொட்டும் குளவியையோ நினைக்கவேண்டாம். இவற்றுட் பல எறும்பைக் காட்டிலும் சிறியவை. அந்துப்பூச்சிகளின் முட்டையைத் தாக்கும் திரைக்கோகிரம்மா என்ற குளவியின் நீளம் ஏறத்தாழ அரை மில்லிமீற்றர் மட்டுமே. இவை மனிதரைக் கொட்டுவதில்லை.

பெண் குளவி தனக்குரிய பூச்சியைத் தேடிச் சென்று, அதன் முட்டையிலோ புழுவிலோ கூட்டுப்புழுவிலோ தன் முட்டையைக் குத்தி வைக்கும். அந்த முட்டையிலிருந்து வரும் குடம்பி விருந்துவழங்கியின், அதாவது தான் தங்கியிருக்கும் பூச்சியின், உடலை உள்ளிருந்தே உண்டு வளரும். தெள்ளும் பேனும் நாடாப்புழுவும்கூட ஒட்டுண்ணிகள்தாம், ஆனால் அவை தமக்கு உணவு தரும் உயிரை வழக்கமாகக் கொல்வதில்லை. இந்தக் குளவியின் குடம்பியோ வளர்ச்சி முடியும்போது விருந்துவழங்கியைக் கட்டாயம் கொன்றுவிடும். ஒரு பூச்சியிலிருந்து இன்னொரு குளவி, சில வேளைகளில் பல குளவிகள், வெளிவரும். பீடையின் உடலே எதிரியின் தொட்டிலாக மாறிவிடுகிறது.

குளவியைக் காண்பது கடினமாக இருந்தாலும் அதன் வேலையைக் காண்பது எளிது. அழுக்கணவன் கூட்டத்தில் சில மட்டும் பருத்து, பழுப்பு நிறமாகி, கடதாசிபோல் உலர்ந்து ஒட்டிக்கொண்டிருப்பதைக் காணலாம். அவற்றின் முதுகில் வட்டமான சிறு துளை இருந்தால் குளவி வெளியேறிவிட்டது என்றும், துளை இல்லையென்றால் பெரும்பாலும் குளவி இன்னும் உள்ளே வளர்கிறது என்றும் கொள்ளலாம். திரைக்கோகிரம்மா தாக்கிய அந்துப்பூச்சி முட்டைகள் கறுத்துவிடும். சில பச்சைப் புழுக்களின் முதுகிலும் பக்கங்களிலும் அரிசிமணிபோன்ற வெள்ளைக் கூடுகள் நிறைந்திருப்பதைக் கண்டவர்கள், அவை புழு இட்ட முட்டைகள் என்று பயந்து புழுவோடு சேர்த்து நெருப்பில் போடுவதுண்டு. புழு முட்டையிடுவதில்லை, அந்துப்பூச்சியான பிறகே இடும். அந்த வெள்ளைக் கூடுகள் ஒவ்வொன்றிலும் ஒரு குளவி இருக்கிறது. அந்தப் புழு இனி அந்துப்பூச்சியாகப் போவதில்லை. அதை அந்த இடத்திலேயே விட்டுவிடுவதே தோட்டத்துக்குச் செய்யும் நன்மை.

குளவியின் பெருஞ்சிறப்பு அதன் தெரிவு. பொறிவண்டு கிடைத்ததைத் தின்னும். குளவிகளில் பலவோ ஓரினப் பூச்சியை அல்லது நெருங்கிய சில இனங்களை மட்டுமே தேடும். இலையைப் புழு கடிக்கும்போது பயிர் வெளிவிடும் மணத்தை முகர்ந்துகூட இவை புழுவின் இருப்பிடத்தைக் கண்டுபிடிக்கின்றன. வெளிநாட்டிலிருந்து கொண்டுவருவதற்கு ஆய்வாளர்கள் பெரும்பாலும் குளவிகளைத் தெரிவுசெய்வதற்கு இந்தத் தெரிவே காரணம்.

மூன்றாவது வகையினர் நோய் உண்டாக்கும் நுண்ணுயிர்கள். இலை நுனியில் தலைகீழாகத் தொங்கி, தொட்டால் நீராக வடியும் புழுவை வைரசு கொன்றிருக்கிறது. தென்னையின் குருத்தைத் துளைக்கும் கருவண்டின் குடம்பிகள் வளரும் எருக்கும்பிகளில், பச்சைத்தூள் பூசியதுபோல இறந்து விறைத்த குடம்பி கிடைத்தால் அது ஒரு வகைப் பங்கசின் வேலை. இந்தப் பங்கசை வளர்த்து எருக்கும்பியில் இடுவது பல நாடுகளில் வழக்கில் உள்ளது. கருவண்டைத் தாக்கும் வைரசொன்றை 1963 இல் மலாயாவில் ஹியூகர் என்ற செர்மானிய ஆய்வாளர் கண்டறிந்தார். பசிபிக் தீவுகளின் தென்னைகளைக் காப்பதில் அது பெரும்பங்கு வகித்தது.

மருந்தடித்த பின் பீடை ஏன் பெருகுகிறது

மருந்தடித்து இரண்டு மூன்று வாரத்தில் பூச்சி முன்னிலும் அதிகமாக வந்துவிட்டது என்ற முறைப்பாட்டைக் கமக்காரர்களிடம் அடிக்கடி கேட்கலாம். மருந்து போலியானது என்று கடைக்காரரைச் சிலர் குறைகூறுவர். மருந்து நல்லதாக இருந்தாலும் இதுவே நடக்கக்கூடும்.

பீடை எண்ணிக்கையில் அதிகம், விரைவாகப் பெருகுவது. எதிரி எண்ணிக்கையில் குறைவு, பீடை பெருகிய பின்னரே தான் பெருகுவது. இரண்டையும் ஒரே மருந்து ஒரே நாளில் கொன்றால், தப்பிய சில பீடைகள் எதிரியில்லாத வெற்றுத் தோட்டத்தில் தடையின்றிப் பெருகும். எதிரிகள் மீண்டுவரும்போது பயிர் அழிந்துவிட்டிருக்கும். மேலும், எதிரிகள் இரையைத் தேடி இலைகளின் மேல் ஓயாமல் நடமாடுவதால் மருந்து அவற்றின் உடலில் அதிகமாகப் படுகிறது, பீடைகளோ மறைவிடங்களில் தப்பிவிடுகின்றன. சின்ன வெங்காயத்தைத் தாக்கும் பச்சைப்புழுவை எண்ணிப் பாருங்கள். அது குழல்போன்ற வெங்காயத் தாளைத் துளைத்து உள்ளே போய்விடும். தெளிக்கும் மருந்து தாளின் வெளியே வழிந்து, வெளியே திரியும் சிலந்தியையும் குளவியையும் கொல்ல, புழு உள்ளே பாதுகாப்பாகத் தின்றுகொண்டிருக்கும்.

நெல்லைத் தாக்கும் கபில நிறத் தத்தியின் கதை இதற்கு உலகப் புகழ்பெற்ற சான்று. அறக்கொட்டியான் என்ற பெயரில் எங்கள் மாகாணத்துக் கமக்காரர்கள் அஞ்சும் பூச்சி அதுவே. அது முட்டைகளை நெல்லின் இலைமடலுக்குள் வைப்பதால் முட்டைகள் மருந்திலிருந்து தப்புகின்றன, தத்திகளைத் தின்னும் சிலந்திகளும், அவற்றின் முட்டைகளை உறிஞ்சும் சிறிய பச்சைநிறப் பூச்சிகளும் அழிகின்றன. இந்தோனேசியாவில் மானிய விலையில் மருந்து தாராளமாகக் கிடைத்த காலத்தில் இந்தத் தத்தி மீண்டும் மீண்டும் பெருகி விளைச்சலை அழித்தது. 1986 இல் அந்நாட்டு அரசு நெற்செய்கையில் 57 பூச்சிநாசினிகளைத் தடைசெய்து, கமக்காரர்களுக்கு வயலிலேயே பூச்சிகளை இனங்காணும் பயிற்சியை அளித்தது. மருந்துப் பாவனை குறைந்தது, நெல் விளைச்சல் குறையவில்லை.

மருந்தையே நம்பியிருப்பதில் இன்னொரு தீமையும் உண்டு. கோவாவை (முட்டைக்கோசை) தாக்கும் வைரமுதுகு அந்துப்பூச்சி டீடீரீ (DDT) மருந்துக்கு எதிர்ப்புத்திறன் பெற்றுவிட்டமை 1953 ஆம் ஆண்டிலேயே ஜாவாவிலிருந்து அறிவிக்கப்பட்டது. அதற்குப் பின் வந்த மருந்துகளில் பலவற்றுக்கும் அது ஒவ்வொன்றாகப் பழகிவிட்டது. வெளிநாடுகளிலிருந்து வந்த குளவிகளே பல மலைநாட்டுப் பகுதிகளில் அதை அடக்கின.

யாழ்ப்பாணத்தில் இவை எல்லாவற்றுக்கும் மேலாக நினைக்கவேண்டியது கிணற்று நீர். எங்களுக்கு வற்றாத ஆறு கிடையாது. தோட்டத்துக்கு இறைப்பதும் வீட்டில் குடிப்பதும் ஒரே சுண்ணாம்புக்கற் படுக்கையில் தேங்கிய மழைநீரே. வெடிப்புகளும் துவாரங்களும் நிறைந்த அந்தக் கல்லின் மேல் மெல்லிய செம்மண் போர்வையே இருக்கிறது. மேலே ஊற்றுவது விரைவில் கீழே போகும். கோப்பாயிலோ நீர்வேலியிலோ இணுவிலிலோ ஒருவர் தெளிகருவியில் கலக்கும் மருந்தின் அளவு அவருடைய காணியோடு முடிந்துவிடும் விடயமல்ல. தேவையில்லாத ஒரு தெளிப்பைத் தவிர்ப்பதும் கிணற்றைக் காப்பதாகும் என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

கடல்கடந்து வந்த பீடைக்குக் கடல்கடந்து வந்த எதிரி

உள்ளூர்ப் பீடைகளுக்கு உள்ளூர் எதிரிகள் உண்டு. வெளிநாட்டிலிருந்து தற்செயலாக வந்துசேரும் பீடையின் நிலை வேறு. அது தன் தாய்நாட்டு எதிரிகளை அங்கேயே விட்டுவிட்டுத் தனியாக வருகிறது. பப்பாசி வெண்மூட்டுப்பூச்சி அப்படித்தான் வந்தது. மத்திய அமெரிக்கப் பகுதிக்குரிய இந்தப் பூச்சி 2008 இல் இலங்கையில் கண்டறியப்பட்டது. பப்பாசி மரத்தின் தண்டும் இலையும் காயும் பஞ்சு ஒட்டியதுபோல வெளுத்து, மேலே கரும்பூஞ்சணம் படர்ந்து, மரங்கள் பட்டுப்போயின. மரவள்ளி, செவ்வரத்தை என்று அது ஏறாத செடி குறைவு. உடலை மூடிய மெழுகுப்பூச்சு மருந்தைத் தடுத்ததால் எத்தனை முறை தெளித்தாலும் பயன் கிடைக்கவில்லை. 2009 இல் புவேர்ட்டோ ரிக்கோவிலிருந்து, இந்த ஒரு பூச்சியின் உடலில் முட்டையிடும் மிகச் சிறிய குளவியினம் கொண்டுவரப்பட்டு, இனப்பெருக்கம் செய்யப்பட்டு விடுவிக்கப்பட்டது. அதே குளவி அடுத்த ஆண்டில் தமிழ்நாட்டிலும் விடப்பட்டது. இரு இடங்களிலும் வெண்மூட்டுப்பூச்சியின் ஆட்டம் விரைவில் அடங்கியது. இன்று பப்பாசியில் அங்குமிங்கும் சிறிது வெள்ளைப் படலம் கண்டால், அதைக் குளவிக்கான உணவாகக் கருதி விட்டுவைக்கலாம்.

இத்தகைய முயற்சிகளுக்கு முன்னோடி கலிபோர்னியாவில் நிகழ்ந்தது. அங்குள்ள தோடைத் தோட்டங்களை அவுஸ்திரேலியாவிலிருந்து வந்த பஞ்சுச் செதிற்பூச்சி அழித்துக்கொண்டிருந்தபோது, அல்பேட் கோபெல் என்பவர் 1888 இல் அவுஸ்திரேலியாவுக்கு அனுப்பப்பட்டார். அவர் அனுப்பிவைத்தவற்றுள் முதலில் வந்த 129 பொறிவண்டுகள் கூடாரமிட்ட ஒரு தோடை மரத்தில் விடப்பட்டன. அவற்றின் சந்ததி 1889 முடிவதற்குள் தோட்டங்களை மீட்டது.

இலங்கைக்கும் இதில் நீண்ட அனுபவம் உண்டு. தேயிலைத் தளிரைச் சுருட்டித் தின்னும் புழுவுக்கு எதிராக 1935, 1936 ஆண்டுகளில் ஜாவாவிலிருந்து கொண்டுவரப்பட்ட குளவி இன்றும் மலைநாட்டில் நிலைத்திருக்கிறது. 1970களின் தொடக்கத்தில் தென்னோலையைக் குடைந்த வண்டொன்றைச் சிங்கப்பூரிலிருந்து வந்த குளவி அடக்கியது. ஆபிரிக்காவில் கோடிக்கணக்கான ஏழை மக்களின் உணவான மரவள்ளியை வெண்மூட்டுப்பூச்சி ஒன்று அழித்தபோது, பரகுவே நாட்டில் கண்டெடுத்த குளவியை 1981 முதல் அங்கே விடுவித்த பணிக்குத் தலைமை தாங்கிய ஹான்ஸ் ஹெரனுக்கு 1995 இல் உலக உணவுப் பரிசு வழங்கப்பட்டது. மாலைத் தேநீரோடு அவித்த மரவள்ளியைச் சம்பலுடன் உண்ணும் எமக்கு அந்தச் செய்தியின் பெறுமதி எளிதில் விளங்கும்.

வெளிநாட்டு உயிரினத்தைக் கொண்டுவருவது தனிமனிதர் செய்யக்கூடிய காரியமன்று. அது வேறு பயிரையோ, நன்மை செய்யும் பூச்சியையோ தாக்காது என்பதைத் தனிமைப்படுத்திய கூடங்களில் சோதித்த பின்னரே அரச நிறுவனங்கள் அதை விடுவிக்கின்றன. சோதிக்காமல் செய்ததன் விளைவை அவுஸ்திரேலியா இன்றும் அனுபவிக்கிறது. கரும்பு வண்டைத் தின்னும் என்று 1935 இல் அங்கே கொண்டுசெல்லப்பட்ட பெருந்தேரை வண்டைக் கட்டுப்படுத்தவில்லை. கண்டதையெல்லாம் விழுங்கித் தானே பெரும் பீடையாகி, தன் நஞ்சால் அதை உண்ணும் உள்ளூர் விலங்குகளையும் கொன்றது. தேரையின் உணவு பரந்தது, குளவியின் உணவு குறுகியது என்ற வேறுபாட்டிலேயே இந்த இரு கதைகளின் முடிவும் தங்கியிருக்கிறது.

எதிரிகளை வளர்த்துத் தேவையான காலத்தில் விடுவிப்பது இன்னொரு முறை. 1997 இன் இறுதியில் கற்பிட்டியில் கண்டறியப்பட்ட தென்னைச் சிற்றுண்ணிக்கு எதிராக, அதைத் தின்னும் வேறொரு சிற்றுண்ணியை லுணுவிலையிலுள்ள தென்னை ஆராய்ச்சி நிலையம் வளர்த்து வழங்கியது. கண்ணாடி வீட்டுத் தக்காளியில் வெண் ஈயைக் குளவியால் கட்டுப்படுத்துவது இங்கிலாந்தில் 1926 இல் தொடங்கியது. மூடிய கூடாரங்களில் தக்காளியும் கறிமிளகாயும் செய்யும் எங்கள் இளைஞர்களுக்கு இது வருங்காலத்தில் பயன்படக்கூடும்.

வளவிலும் வயலிலும் செய்யக்கூடியவை

வாசகர் இன்றே தொடங்கக்கூடியது, ஏற்கெனவே இருக்கும் எதிரிகளைப் பேணுவதாகும். வளர்ந்த குளவிக்கும் பூ ஈக்கும் தேனும் மகரந்தமும் உணவு. பூவே இல்லாத, புல்லே இல்லாத தோட்டத்தில் குளவி பட்டினியால் சில நாட்களில் இறந்துவிடும். பாத்தியோரத்தில் பூக்கவிட்ட கொத்தமல்லி, துளசி, செவ்வந்தி, எள் ஆகியன அதற்குப் பந்தி. சீனா, தாய்லாந்து, வியட்நாம் ஆகிய நாடுகளில் நெல் வரம்புகளில் எள் போன்ற பூக்கும் பயிர்களை வளர்த்து நான்கு ஆண்டுகள் நடத்திய ஆய்வில் பூச்சிநாசினித் தெளிப்பு 70 சதவீதம் குறைந்ததோடு நெல் விளைச்சல் 5 சதவீதம் உயர்ந்தது. எள்ளும் நெல்லும் இரண்டும் நன்கறிந்த தென்மராட்சிக் கமக்காரர்களுக்கு இது எட்டாத முயற்சியன்று.

எங்கள் உயிர்வேலிகளையும் நான் இந்தக் கண்ணோடுதான் பார்க்கிறேன். கிளுவையும் பூவரசும் சீமைக்கிளுவையும் ஆடுமாட்டுக்குக் குழை தருவதோடு, வெங்காயம் கிண்டிய பின்னர் தோட்டம் வெறுமையாகும் வாரங்களில் சிலந்திக்கும் பொறிவண்டுக்கும் ஒதுங்க இடமும் தருகின்றன. உயிர்வேலியைப் பிடுங்கி மதிலும் தகரமும் நிறுத்தும்போது அந்தப் புகலிடமும் போய்விடுகிறது.

மரத்து இலைகளை இணைத்துக் கூடு கட்டும் செவ்வெறும்பான முசுறு தனியாகச் சொல்லவேண்டிய உயிர். கி.பி. 304 ஐச் சேர்ந்ததாகக் கருதப்படும் சீன நூலொன்று, தோடை மரங்களைக் காப்பதற்காக முசுற்றுக் கூடுகள் சந்தையில் விற்கப்பட்டதைக் குறிப்பிடுகிறது. உயிரியல் கட்டுப்பாடு பற்றி எழுதப்பட்டவற்றுள் மிகப் பழைய பதிவு அதுவே. கறுத்தக்கொழும்பான் மாமரத்தில் முசுறு கூடு கட்டினால் காய் பறிப்பவர் கடி வாங்கவேண்டும் என்பது உண்மை. ஆனால் அவுஸ்திரேலியாவிலும் மேற்கு ஆபிரிக்காவிலும் மாந்தோப்புகளில் முசுறு பழ ஈயின் சேதத்தைக் குறைத்தது நிறுவப்பட்டிருக்கிறது. வெண்மூட்டுப்பூச்சியும் அழுக்கணவனும் வெளிவிடும் இனிப்பு நீருக்காக எறும்புகள் அவற்றைப் பாதுகாப்பதும் உண்டு. ஆகவே பயற்றங்கொடியில் ஏறும் எறும்பைத் தடுப்பது நல்லது. மாமரத்து முசுற்றை எரிக்கும் முன் சற்று யோசிப்பது நல்லது.

மருந்து தவிர்க்கமுடியாத நேரமும் வரும். அப்போதும் தோட்டம் முழுவதும் அடிக்காமல் தாக்கம் கண்ட பாத்திக்கு மட்டும், பூச்சிகள் பூக்களுக்கு வரும் காலைவேளையைத் தவிர்த்து மாலையில், இயன்றவரை வேப்பம் விதைச் சாறு, சவர்க்கார நீர் போன்றவற்றை முதலில் பயன்படுத்தினால் எதிரிகளில் ஒரு பங்கு தப்பும். எந்த மருந்து எந்தப் பூச்சியைக் குறிவைப்பது என்பதை விவசாயப் போதனாசிரியரிடம் கேட்டறிவது அவசியம். நாட்காட்டியைப் பார்த்து வாரமொரு முறை அடிக்கும் வழக்கத்தை விட்டு, கிழமைக்கு இரு முறை தோட்டத்தை நடந்து பார்த்து, பத்துச் செடிகளில் பீடை எத்தனை, எதிரி எத்தனை என்று எண்ணி முடிவெடுப்பதே என் கருத்தில் எல்லாவற்றிலும் முதன்மையானது.

இயற்கை எதிரிகளால் ஆகாதவையும் உண்டு. மிளகாயில் இலைச்சுருளை வைரசைப் பரப்பும் வெண் ஈ மிகச் சிலவாக இருந்தாலும் நோய் தொற்றிவிடும். எதிரி வந்து அவற்றைத் தின்று முடிக்கும்வரை வைரசு காத்திராது. அங்கே நோயில்லாத நாற்றும், வலை மூடிய நாற்றுமேடையும், நோயுற்ற செடியை உடனே பிடுங்குவதும்தான் துணை. பீடை வந்து எதிரி பெருகும்வரையுள்ள ஒன்றிரண்டு வார இடைவெளியும் மனத்தைச் சோதிக்கும். கடன்பட்டு வெங்காயம் வைத்த ஒருவரிடம் பொறுத்திருங்கள் என்று சொல்வது எளிதன்று என்பதை நான் அறிவேன். அதனால்தான் முதலில் வீட்டு வளவிலுள்ள பயற்றையிலும் பப்பாசியிலும் பழகிப் பார்க்குமாறு கேட்டுக்கொள்கிறேன்.

அதற்கு எளிய தொடக்கம் ஒன்று உண்டு. பயற்றங்கொடியில் பருத்துப் பழுப்பாகிய, துளையில்லாத அழுக்கணவன்கள் ஒட்டியிருக்கும் இலையொன்றைப் பறித்து, கண்ணாடிப் போத்தலில் இட்டு, வாயை மெல்லிய துணியால் கட்டி, வெயில் படாத இடத்தில் வையுங்கள். சில நாட்களில் போத்தலின் வெளிச்சம் விழும் பக்கத்தில், கண்ணைக் கூர்ந்து பார்த்தால் மட்டுமே தெரியும் கரிய குளவிகள் ஏறி இறங்கிக்கொண்டிருக்கும். பிள்ளைகளையும் அழைத்துக் காட்டுங்கள். பார்த்து முடிந்ததும் போத்தலைக் கொடியடிக்குக் கொண்டுபோய்த் துணியை அவிழ்த்துவிடுங்கள்.